கேமராவுக்கு இந்தப் பக்கம் நின்றவர்

2024 நவம்பர் 10, ஞாயிற்றுக்கிழமை. காலையில் எழுந்து போனைப் பார்த்தால் எங்கள் குடும்ப வாட்ஸ்அப் குழுவில் டெல்லி கணேஷின் படம். முந்தின இரவே போய்விட்டார், 80 வயது. படத்தைப் போட்டது என் சித்தப்பா. கீழே ஒரு வரி எழுதியிருந்தார்: "அருமையான நடிகர். பாவம், கடைசி வரைக்கும் ஹீரோ ஆகலை." அதற்குக் கீழே அத்தைகள், மாமாக்கள், அண்ணன் தம்பிகள் எல்லோரும் வரிசையாகக் கைகூப்பியிருந்தார்கள். அந்தப் 'பாவம்' யாருக்கும் உறுத்தவில்லை. எனக்கு உறுத்தியது. பதில் எழுத ஆரம்பித்து, அழித்து, மறுபடி எழுதி, மறுபடி அழித்து, கடைசியில் நானும் ஒரு கைகூப்பைப் போட்டுவிட்டுப் பல் தேய்க்கப் போனேன். அன்றிலிருந்து அந்தச் சொல் உள்ளங்காலில் ஏறிய நெருஞ்சி முள் மாதிரி இருக்கிறது. நடக்க முடிகிறது, ஆனால் இருப்பது தெரிந்துகொண்டே இருக்கிறது.

சித்தப்பா மேல் எனக்குக் கோபம் இல்லை. 'மைக்கேல் மதன காமராஜன்' படத்தில் டெல்லி கணேஷ் நடித்த பாலக்காட்டு மணி ஐயரை அந்த இழுவையோடு பேசிக் காட்டுகிறவர் அவர்தான். கல்யாண வீட்டில் சாம்பார் பரிமாறும்போதெல்லாம் அவர் முகத்தில் ஒரு சிரிப்பு வரும், அந்தப் படத்தில் மீன் விழுந்த சாம்பார்தான் காரணம் என்று எங்கள் எல்லோருக்கும் தெரியும். ஆக, பிரியம் இல்லாமல் எழுதிய வரி இல்லை அது. நடிப்புத் தொழிலை அவர் ஒரு மாடிப்படியாகப் பார்க்கிறார், அவ்வளவுதான். சின்ன வேஷம், கொஞ்சம் பெரிய வேஷம், அப்புறம் நாயகன். நடுப்படியில் நின்றுவிட்டவர் பாவம். நம்மில் பெரும்பாலானவர்கள் இப்படித்தான் பார்க்கிறோம். "1981-இல் 'எங்கம்மா மகாராணி'யில் அவர்தான் கதாநாயகன்" என்று நான் முதலில் எழுதினேன். உண்மைதான். ஆனால் அதை அனுப்பினால் மாடிப்படியை நானும் ஒத்துக்கொண்ட மாதிரி ஆகிவிடும். அவரும் ஒரு தடவை மேலே ஏறினார் தெரியுமா என்று வாதாடுவது மாதிரி. அதனால்தான் அழித்தேன்.

35 வயதில் அப்பா

வல்லநாட்டில் 1944-இல் பிறந்தவர். 1964 முதல் 1974 வரை பத்து வருடம் இந்திய விமானப் படையில் வேலை. டெல்லியில் இருந்த நாட்களில் அங்குள்ள தமிழர்களின் தட்சிண பாரத நாடக சபாவில் நாடகம் போட்டார். 1977-இல் கே. பாலசந்தர் 'பட்டினப் பிரவேசம்' படத்தில் அறிமுகப்படுத்தி, பெயருக்கு முன்னால் டெல்லியை ஒட்டிவைத்தார். அப்போது அவருக்கு 33 வயது. அந்த வயதில் ஒருவர் அறிமுகமாகும்போது நாயகன் கனவு இருந்திருக்காதா என்று கேட்டால், இருந்திருக்கலாம். ஆனால் இரண்டே வருடத்தில், 1979-இல், துரை இயக்கிய 'பசி'யில் சென்னைக் குடிசைப் பகுதியின் ரிக்‌ஷாக்காரர் முனியாண்டியாக வந்தார். வயதுக்கு வந்த பெண்ணுக்கு அப்பா. மகளாக நடித்த ஷோபாவுக்கு அப்போது 17 வயது, இவருக்கு 35. ஷோபாவுக்கு அந்தப் படத்தில் தேசிய விருது கிடைத்ததை எல்லோரும் சொல்வார்கள். இவருக்குத் தமிழ்நாடு அரசின் சிறப்புப் பரிசு கிடைத்ததை யாராவது எடுத்துக் கொடுத்தால்தான் நினைவுக்கு வரும்.

35 வயதில் அப்பா வேஷத்துக்குச் சரி என்று சொல்வது சாதாரண முடிவு இல்லை. ஒரு தடவை தலையில் வெள்ளை பூசிவிட்டால் அப்புறம் அதைக் கழுவ யாரும் விடமாட்டார்கள். நாயகர்கள் வயதைக் குறைத்துக்கொண்டே போகிற தொழிலில் அப்பா வேஷக்காரர்கள் வயதைக் கூட்டிக்கொண்டே போகிறார்கள். 1989-இல் 'அபூர்வ சகோதரர்கள்' படத்தில் பிரான்சிஸ் அன்பரசு, அதாவது கமல்ஹாசனின் அப்பாவைக் கொன்ற நான்கு பேரில் ஒருவர். அடுத்த வருடமே 'மைக்கேல் மதன காமராஜ'னில் அதே கமல்ஹாசனை எடுத்து வளர்த்த அப்பா. இரண்டு பேருக்கும் நிஜத்தில் பத்து வயதுதான் வித்தியாசம். நாம் ஒரு நிமிடம்கூடச் சந்தேகப்படவில்லை. போன வருடம் இந்த ஆள்தானே கத்தியைத் தூக்கிக்கொண்டு வந்தார் என்று தியேட்டரில் யாரும் கேட்கவில்லை. அதற்கு முன்னால் 1987-இல் 'நாயகன்' படத்தில் வேலு நாயக்கர் பக்கத்தில் வருடக்கணக்காக நிற்கிற ஐயர், 1996-இல் 'அவ்வை சண்முகி', 2000-இல் 'தெனாலி'. 400-க்கும் மேலான படங்கள். ஒவ்வொன்றிலும் பக்கத்தில் நிற்கிறவருக்கு ஏற்ற உயரத்தில் நின்றுகொண்டார்.

இதை நான் வெறும் ரசிகனாகச் சொல்லவில்லை. ஒரு காலத்தில் தொலைக்காட்சித் தொடர்களில் இரண்டரை வருடம் உதவி இயக்குநராக இருந்தேன். 'பாவம்' என்ற சொல் என்னை ஏன் இவ்வளவு படுத்துகிறது என்பதற்கான காரணம் அங்கேதான் இருக்கிறது.

பட்டமும் விலாசமும்

அதற்கு முன்னால் பெயர் விஷயம் ஒன்று. 'துணை நடிகர்' என்ற சொல்லே நம் ஊரில் இரண்டு அர்த்தத்தில் ஓடுகிறது. பத்திரிகைத் தலைப்பில் 'துணை நடிகை' என்று போட்டால் கூட்டத்தில் ஒருவராக நிற்கிறவர் என்று பொருள். தேசிய விருதில் 'சிறந்த துணை நடிகர்' என்றால் வேறு. அந்தப் பிரிவையே 1984-ஆம் ஆண்டுப் படங்களிலிருந்துதான் கொடுக்க ஆரம்பித்தார்கள். ஐம்பதுகளின் கடைசியில் சினிமாவுக்கு வந்த நாகேஷுக்கு அது 1994-இன் 'நம்மவர்' படத்துக்காகத்தான் கிடைத்தது. தமிழ்நாடு அரசு விருதில் 'குணச்சித்திர நடிகர்' என்கிறார்கள், அது கொஞ்சம் கௌரவமான சொல். செட்டில் இந்த இரண்டையும் யாரும் சொல்வதில்லை. "அப்பா ஆர்ட்டிஸ்ட் வந்துட்டாரா?" "மாமியார் மேக்கப்ல இருக்காங்க." அவ்வளவுதான். உறவுமுறைதான் பெயர்.

இவர்கள் பெயருக்கு முன்னால் ஒட்டிக்கொண்டிருக்கும் சொற்களை வரிசையாகப் பாருங்கள். மேஜர் சுந்தரராஜன், வெண்ணிற ஆடை மூர்த்தி, நிழல்கள் ரவி, டெல்லி கணேஷ், டெல்லி குமார். 'பசி' படம் மட்டும் பசி சத்யா, பசி நாராயணன் என்று இரண்டு பேருக்கு முன்பெயர் கொடுத்திருக்கிறது. நாயகர்களுக்கு முன்னால் வருவது பட்டம், அவர்கள் எவ்வளவு உயரம் என்று சொல்வது. இவர்களுக்கு முன்னால் வருவது விலாசம், எந்த ஊரிலிருந்து, எந்தப் படத்திலிருந்து, எந்த வேஷத்திலிருந்து வந்தார்கள் என்று சொல்வது. தபால்காரருக்கு உதவுகிற மாதிரி நம் ஞாபகத்துக்கு உதவுகிற பெயர்கள். எங்கள் அத்தை இன்றுவரை டெல்லி கணேஷையும் டெல்லி குமாரையும் குழப்பிக்கொள்வார். "மெட்டி ஒலி அப்பாதானே?" என்பார். மெட்டி ஒலி அப்பா டெல்லி குமார். 2002-இலிருந்து 2005 வரை சன் டிவியில் ஐந்து பெண்களைப் பெற்ற அந்த அப்பாவை நாங்கள் தினமும் பார்த்தோம். அத்தை அவர் பெயரைத் தப்பாகச் சொல்வார், ஆனால் அந்த அப்பா எந்த நாளில் எந்தப் பெண்ணுக்காக அழுதார் என்று சரியாகச் சொல்வார். இதில் எது ஞாபகம், எது மறதி என்று எனக்கு இன்னும் பிடிபடவில்லை.

லுக்

நான் வேலை பார்த்த தொடரிலும் ஓர் அப்பா இருந்தார். பெயர் வேண்டாம். இன்றும் நடித்துக்கொண்டிருப்பவர், அவர் கேட்காத வெளிச்சத்தை நான் அடிக்கக் கூடாது. நான் அவரை 'சார்' என்பேன், அவர் என்னைத் 'தம்பி' என்பார், ஆனால் 'வாங்க போங்க'தான். இருபத்து மூன்று வயதுப் பையனை 'வாங்க தம்பி' என்று கூப்பிட்ட ஒரே ஆள் அந்த செட்டில் அவர்தான்.

தொடர் எடுக்கும் வீடு எப்படி இருக்கும் என்று பார்க்காதவர்களுக்குச் சொல்கிறேன். வாடகைக்கு எடுத்த ஒரு பங்களா. கூடத்தில் நாயகியின் மாமியார் வீடு, மாடியில் அம்மா வீடு, பின்பக்க அறையில் ஆஸ்பத்திரி. காலை ஒன்பதுக்குக் கால்ஷீட். சீன் பேப்பர் பல நாள் பத்து மணிக்குத்தான் வரும், மை கையில் ஒட்டும். ஒரு நாளில் ஒரு எபிசோடுக்குத் தேவையான அளவுக்காவது எடுத்தாக வேண்டும். வசனத்தை மனப்பாடம் பண்ண நேரமில்லை, அதனால் உதவி இயக்குநர் கேமராவுக்குப் பக்கத்தில் நின்று ஒவ்வொரு வரியாகச் சொல்லச் சொல்ல நடிகர் அதைத் திருப்பிப் பேசுவார். பிராம்ப்டிங் என்று பெயர். நாள் முழுக்க மற்றவர்களுடைய அழுகையை வறட்டுக் குரலில் முன்கூட்டியே படித்துக் கொடுப்பதுதான் என் வேலை. "ஏன்மா, இதுக்கா உன்னைப் பெத்தேன், இதுக்கா உன்னைப் பெத்தேன்" என்று நான் தட்டச்சு அடிக்கிற மாதிரிச் சொல்வேன், சார் அதையே வாங்கி என் கண்ணில் தண்ணீர் வரவைப்பார்.

அவரிடம் நான் முதலில் கவனித்தது டம்ளரை. சாப்பாட்டு மேஜைக் காட்சி ஒன்றில் முதலில் எல்லோரும் தெரிகிற மாதிரி மாஸ்டர் ஷாட் எடுத்தோம். அப்புறம் ஒவ்வொருவருக்கும் சஜஷன் (ஒருவர் தோளுக்கு மேலாக எதிரில் இருப்பவரைக் காட்டுவது), குளோஸ் (முகத்தை மட்டும் காட்டுவது). நடுவில் சாப்பாட்டு இடைவேளை. மதியம் திரும்பி வந்து அவர் குளோஸ் எடுக்கும்போது டம்ளர் எந்தக் கையில் இருந்தது என்று நான் கன்டினியூட்டி நோட்டை, முந்தைய ஷாட்டில் எது எங்கே இருந்தது என்று குறித்து வைக்கிற நோட்டை, புரட்டிக்கொண்டிருந்தேன். எழுதவே இல்லை. வியர்த்துவிட்டது. அவர் என்னைப் பார்த்துவிட்டு மெதுவாகச் சொன்னார்: "இடது கை தம்பி. மருமகப் பொண்ணு 'மாமா'ன்னு கூப்பிட்டதும் கீழே வெச்சேன். காபி பாதிக்கு மேல இருந்தது." டம்ளரை வாங்கி அவரே காபியை அந்த அளவுக்கு ஊற்றிக்கொண்டார். ஏன் அந்த இடத்தில் வைத்தார் என்று கேட்டேன். "அவங்க பேச ஆரம்பிக்கறப்ப நான் குடிச்சிட்டிருந்தா ஜனங்க என் கையைப் பாப்பாங்க. அவங்களைப் பாக்க மாட்டாங்க." இதை அவர் ஒரு பாடம் மாதிரிச் சொல்லவில்லை, உப்பு குறைவு என்று சொல்கிற மாதிரிச் சொன்னார்.

ஒரு நாள் மாலை. மகள் வீட்டை விட்டுப் போகிற காட்சி. அப்பாவுக்கு வசனமே இல்லை, வாசலில் நிற்கிறார், அவ்வளவுதான். மகளாக நடித்த பெண்ணுக்கு வசனம் உண்டு, நீளமானது. சாருடைய குளோஸை நாலரை மணிக்கே எடுத்துவிட்டோம். அவருக்குப் பேக்கப் சொல்லியாயிற்று. மீதி இருந்தது அந்தப் பெண்ணின் குளோஸ் மட்டும். குளோஸ் எடுக்கும்போது கேமரா ஒருவரை மட்டும் பார்க்கும். ஆனால் நடிப்பவர் யாரையாவது பார்த்துப் பேச வேண்டுமே. அதற்காகக் கேமராவை ஒட்டி ஒருவர் நிற்பார். அதைத்தான் லுக் கொடுப்பது என்பார்கள். எதிர் நடிகரே நின்றால் நல்லது. பெரும்பாலும் நிற்கமாட்டார்கள், அடுத்த ஷூட்டிங்குக்கு ஓட வேண்டியிருக்கும், இல்லையென்றால் களைப்பு. உதவி இயக்குநர்தான் நிற்பான். சில சமயம் ஒரு ஸ்டாண்டில் வெள்ளை டேப் ஒட்டி 'இதுதான் உங்க அப்பா' என்று சொல்லிவிடுவதும் உண்டு.

அன்றைக்கு அப்பா நான்தான். ஒரு கையில் சீன் பேப்பர், இன்னொரு கையில் கிளாப் பலகை, வாயில் பிராம்ப்ட். அந்தப் பெண்ணுக்கு வரவில்லை. கிளிசரின் போட்டும் வரவில்லை. கண்ணில் தண்ணீர் இருந்தது, முகத்தில் ஒன்றும் இல்லை. மூன்று டேக் போயிற்று. வெளிச்சம் குறைந்துகொண்டே வந்தது. இயக்குநர் வாட்சைப் பார்க்க ஆரம்பித்தார், அந்தப் பெண் அதைப் பார்க்க ஆரம்பித்தது. தொழிலுக்குப் புதுசு, இருபது வயது இருக்கும்.

சார் அப்போது கிளம்பிக்கொண்டிருந்தார். மேக்கப்பைத் தேங்காய் எண்ணெய் போட்டுத் துடைத்தாயிற்று, முகம் பளபளவென்று இருந்தது. வேஷ்டியை மாற்றிப் பேன்ட், அரைக்கைச் சட்டை, தோளில் ரெக்ஸின் பை, பைக்குள் சாப்பாட்டு டப்பா உருளும் சத்தம். வாசல் பக்கம் போனவர் நின்று ஒரு டேக்கைப் பார்த்தார். அப்புறம் என்னிடம் வந்து, "தள்ளிக்கோங்க தம்பி, நான் நிக்கறேன்" என்றார். பையைக் கீழே வைக்கக்கூட இல்லை. இயக்குநர் 'ஆக்‌ஷன்' சொன்னார். அந்த மனிதர் நாலரை மணிக்குக் கேமராவுக்கு முன்னால் செய்ததை, கேமரா அவரைப் பார்க்காத இடத்தில் நின்று, முழுசாக மறுபடி செய்தார். கதவைப் பிடிக்கிற கை இல்லாததால் பையின் வாரைப் பிடித்துக்கொண்டார். அந்தப் பெண் முதல் வரியைச் சொன்னதும் அவர் தாடை லேசாக ஆடியது. நான் இரண்டடி தள்ளி நின்றேன். எண்ணெய் முகத்தில் கண்ணீர் உருண்டையாக நின்று, அப்புறம் வழிந்தது. அந்தப் பெண் உடைந்துபோனது. நான் பிராம்ப்ட் கொடுக்கவே மறந்துவிட்டேன், அதற்குத் தேவையும் படவில்லை. மூன்று டேக் போய் வராதது நான்காவதில் வந்தது. ஆனால் ஃபோகஸ் கொஞ்சம் போய்விட்டது, இன்னொன்று எடுக்க வேண்டும் என்றார் கேமராமேன். சார் சட்டைக் கையில் முகத்தைத் துடைத்துக்கொண்டு, "ஒண்ணும் இல்லம்மா, அதே மாதிரி" என்று சொல்லிவிட்டு, மறுபடியும் அழுதார். அதே மாதிரி. அதே வரியில் தாடை ஆடியது.

"ஓகே" என்றதும் எல்லோரும் அந்தப் பெண்ணுக்குக் கைதட்டினோம். அவரும் தட்டினார். அப்புறம் என்னிடம், "மேனேஜர் இருக்காரா தம்பி? கன்வேயன்ஸ் கேக்கணும்" என்றார். போக்குவரத்துக் காசு. மேனேஜர் கிளம்பிப் போயிருந்தார். சார் நடந்து பஸ் நிறுத்தத்துக்குப் போனார்.

எபிசோடில் அந்தப் பெண்ணின் முகம் வந்தது. எல்லோரும் பாராட்டினார்கள், பாராட்ட வேண்டிய நடிப்புதான். அந்த முகத்தில் பாதி யாருடையது என்று பார்த்த லட்சக்கணக்கான பேருக்குத் தெரியாது, தெரியவும் வழியில்லை. அன்றிரவு பைக்கில் வீட்டுக்குப் போகும்போது நான் என்ன நினைத்தேன் என்று நன்றாக ஞாபகம் இருக்கிறது. 'பாவம்' என்றுதான் நினைத்தேன். சித்தப்பா எழுதிய அதே சொல்.

மிருதங்கம் இல்லாத கச்சேரி

டெல்லி கணேஷ் இறந்த வாரத்தில் 'சிந்து பைரவி'யை மறுபடி பார்த்தேன். 1985-இல் வந்தது. அதில் அவர் குருமூர்த்தி, மிருதங்க வித்வான், சிவகுமார் நடித்த பாடகர் ஜே.கே.பி.யின் பக்கவாத்தியம். குடித்துவிட்டுக் கச்சேரிக்கு வருகிறார். ஒழுக்கம் பெரிது என்று நினைக்கிற ஜே.கே.பி. அவரை ஒதுக்கிவிட்டு மிருதங்கமே இல்லாமல் பாடிக் கச்சேரியை முடிக்கிறார். முன்னெல்லாம் இந்தக் காட்சியில் நான் சிவகுமாரைத்தான் பார்த்திருக்கிறேன், படமும் அதைத்தான் பார்க்கச் சொல்கிறது. என்ன ஒரு வைராக்கியம், பக்கவாத்தியம் இல்லாமலே பாடிவிட்டாரே என்று. இந்தத் தடவை எனக்கு வேறு ஒன்று கேட்டது. மிருதங்கம் இல்லாததுதான் அந்தப் பாட்டு முழுக்கக் கேட்கிறது. ஒவ்வொரு அடி முடியும்போதும் அங்கே விழ வேண்டிய ஒரு சொல் விழவில்லை என்று காது தேடுகிறது. பாடகரின் பெருமையைக் காட்ட எடுத்த காட்சி, கூடவே பக்கவாத்தியம் என்றால் என்ன என்றும் காட்டிவிடுகிறது, அதை எடுத்துவிட்டுக் காட்டுகிறது.

சபாவுக்குப் போகிறவர்களுக்குத் தெரியும், மிருதங்கம் தனியாக வாசிக்கிற தனி ஆவர்த்தனம் ஆரம்பித்ததும் பாதிக் கூட்டம் கேன்டீனுக்கு எழுந்து போகும். மிருதங்கக்காரர்கள் அதற்காக வருத்தப்படுவதைக் கேட்டிருக்கிறேன், நியாயமான வருத்தம். ஆனால் ஒரு நல்ல மிருதங்கக்காரரின் திறமையைத் தனியில் மட்டும் பார்க்கிறவர் கச்சேரியில் முக்கால்வாசியைக் கேட்காதவர். பாடகர் இழுத்துப் பாடும்போது எங்கே விரலை எடுத்துக்கொள்கிறார், ஒரே வரியைப் பல விதமாகப் பாடுகிற நிரவலில் பாடகர் தேடும்போது எப்படிக் காத்திருக்கிறார், ஒரு சங்கதி விழுந்ததும் அதை எப்படித் தாங்கிப் பிடிக்கிறார், இதிலெல்லாம்தான் வித்வத் இருக்கிறது. மிருதங்கக்காரரைப் பார்த்து, "பாவம், கடைசி வரைக்கும் பாடகர் ஆகலை" என்று யாரும் சொல்வதில்லை. அது வேறு வித்தை என்று நமக்குத் தெரியும். பாட்டு தெரியாததால் மிருதங்கத்தோடு நின்றுவிட்டார் என்று சொன்னால் சொன்னவரைத்தான் ஒரு மாதிரிப் பார்ப்போம். சினிமாவில் மட்டும் இது நமக்கு ஏன் தெரியவில்லை? தெரியாதபடி அந்த வேலை செய்யப்படுவதும் ஒரு காரணம் என்று நினைக்கிறேன். மேடையில் மிருதங்கம் கண்ணுக்குத் தெரிகிறது. வசனம் இல்லாமல் வாசலில் நிற்கிற அப்பாவின் கையில் ஒரு வாத்தியமும் இல்லை.

சார் அன்றைக்குப் பையோடு நின்று அழுதது தியாகம் இல்லை என்பது எனக்கு அப்போதுதான், இத்தனை வருடம் கழித்து, புரிந்தது. அவர் தன் வேலையைச் செய்தார். அந்தப் பெண்ணின் குளோஸ் அவருடைய காட்சியும்தான். அது சரியாக வராமல் வீட்டுக்குப் போனால் அவருடைய அப்பா அரைகுறையாக நின்றிருப்பார். நான் அதைத் தர்மம் என்று பார்த்தேன், அதனால் பாவப்பட்டேன்.

பாவம் என்று சொல்வதற்கு இடமே இல்லையா என்றால், இருக்கிறது. அது வேறு இடம். அன்றைக்கு அவருக்கு வராத கன்வேயன்ஸ். அந்தத் தொடர் முடிந்தபோது அவருக்கு வரவேண்டியிருந்த சம்பளப் பாக்கி. எனக்கும் இருந்தது, நான் வேறு வேலைக்குப் போய்விட்டேன், அவர் போகவில்லை. பெரிய நடிகரின் தேதி மாறினால், அவரோடு சேர்ந்து வருகிற காம்பினேஷன் சீன் என்று இவர்கள் தேதியும் மாறும், அந்த நாளுக்கு வேறு வேலையை விட்டுவிட்டு உட்கார்ந்திருந்தவருக்கு யாரும் ஒன்றும் தரமாட்டார்கள். ஒரு நாளைக்கு இவ்வளவு என்று வாங்குகிற சம்பளத்தில் உடம்புக்கு முடியாத நாளுக்குக் காசு கிடையாது. ஒரு தொடரில் நடித்துக்கொண்டிருக்கும்போதே திடீரென்று ஒரு நாள் சுவரில் அவர் போட்டோவுக்கு மாலை போட்டுவிடுவார்கள், கதையில் செத்துவிட்டார், செய்தியே மேக்கப் மேன் மூலம்தான் தெரியவரும். அல்லது 'இனி இவருக்குப் பதில் இவர்' என்று திரையின் கீழே ஒரு வரி ஓடும். வெளிச்சம் போகிற நேரத்தில் கடைசியாக நிற்பது இவர்கள் குளோஸ்தான், அது எடுக்கப்படாமலே போவதும் உண்டு. இதற்கெல்லாம் கோபப்படலாம், படவேண்டும். ஆனால் நாம் இதற்குக் கோபப்படாமல், அவர் நாயகன் ஆகாததற்குப் பாவப்படுகிறோம். இரண்டாவது நமக்குச் செலவில்லாதது.

டெல்லி கணேஷின் உடலுக்கு விமானப் படையினர் வந்து மரியாதை செய்ததைச் செய்தியில் பார்த்தேன். பத்து வருடம் வேலை பார்த்த இடம், வேலையை விட்டு ஐம்பது வருடம் ஆனபிறகும், தன் ஆளை ஞாபகம் வைத்துக்கொண்டு ஒரு முறைப்படி வழியனுப்புகிறது. பார்த்தபோது மனதுக்கு நிறைவாக இருந்தது. நாற்பது வருடத்துக்கு மேல் வேலை பார்த்த இடத்தில் வேலையை அளக்க இப்படி ஒரு முறை இல்லையே என்றும் இருந்தது. நமக்குத் தெரிந்த ஒரே அளவுகோல் ஹீரோ ஆனாரா என்பதுதான்.

அன்றைக்கு இரவு சாருக்குப் போன் செய்தேன். பேசி ஆறேழு வருடம் இருக்கும். முதல் மணியிலேயே எடுத்தார். என் பெயரைச் சொன்னதும் எந்தத் தொடர், எந்த வீடு என்று அவரே சொன்னார். டெல்லி கணேஷைப் பற்றிக் கொஞ்ச நேரம் பேசினோம். இரண்டு பேரும் சேர்ந்து நடித்ததில்லையாம். "டைமிங்கு தம்பி, அந்த டைமிங்கு" என்று மட்டும் இரண்டு மூன்று தடவை சொன்னார். பையை மாட்டிக்கொண்டு நின்ற அந்தச் சாயங்காலத்தை ஞாபகப்படுத்தினேன். அவருக்கு ஞாபகம் இல்லை. அந்தப் பெண்ணை ஞாபகம் இருந்தது, "நல்லா பண்ணுமே, இப்ப எங்க இருக்கு?" என்று கேட்டார்.

மறுநாள் காலை ஷூட்டிங் என்றார். தாத்தா வேஷம், ஒரே நாள். சட்டையெல்லாம் சொந்தமாகவே கொண்டுவரச் சொல்லியிருக்கிறார்கள், நாலு சட்டையைக் கட்டில் மேல் போட்டு வைத்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறாராம். எதைப் போட்டுக்கொள்ளப் போகிறீர்கள் என்று கேட்டேன்.

"அதான் தம்பி மேனேஜருக்குப் போன் போட்டுட்டு இருக்கேன், எடுக்க மாட்டேங்கறார். பேத்தியா வர்ற பொண்ணு என்ன கலர் கட்டுதுன்னு தெரிஞ்சா போதும். அதுக்குத் தகுந்த மாதிரி ஒண்ணு எடுத்துப்பேன்."